பனியன் கல்லுக்கு எழுதிய தல வரலாறு

புத்தகம் வந்தபோது நான் முருங்கைக் கீரை உருவிக்கொண்டிருந்தேன். கோயில் கமிட்டியில் இருந்து இரண்டு பேர் தாம்பாளத்தோடு வந்து வாசலில் நின்றார்கள். வெற்றிலை பாக்கு, மஞ்சள், கும்பாபிஷேகப் பத்திரிகை, எல்லாவற்றுக்கும் மேலே அந்தப் புத்தகம். கையைக் கழுவி முந்தானையில் துடைத்துக்கொண்டு வந்து இரண்டு கையாலும் வாங்கினேன். சாமி புத்தகத்தை ஒற்றைக் கையால் வாங்குகிற பழக்கம் எனக்கு இல்லை.

அட்டை வழவழவென்று இருந்தது. எங்கள் அம்மனுக்கு வெள்ளிக் கவசம் சாத்தி, எலுமிச்சம்பழ மாலை போட்டு எடுத்த படம். கீழே தல வரலாறு என்று பொன் நிறத்தில் எழுத்து. வேலம்பாளையத்தில் இரண்டு பனியன் கம்பெனிச் சுவர்களுக்கு நடுவில், ஒரு வேப்பமரத்தடியில் இருக்கிற எங்கள் அம்மனுக்கும் புத்தகம் வந்துவிட்டது என்று முதலில் எனக்குப் பெருமையாகத்தான் இருந்தது. அதை எதற்கு மறைக்க வேண்டும்.

நான் மூன்றாம் வகுப்போடு நின்றவள். விரலை வைத்து எழுத்துக் கூட்டித்தான் படிப்பேன். ஆனால் கோயில் புத்தகம் என்றால் விட மாட்டேன். எந்த ஊர்க் கோயிலுக்குப் போனாலும் சாமி கும்பிட்டு வெளியே வந்ததும் அந்த ஊர்த் தல வரலாறு ஒன்று வாங்கிவிடுவேன். கூட வந்த பெண்கள் வளையல் கடைக்குப் போவார்கள், நான் புத்தகக் கடைக்குப் போவேன். என் தகரப் பெட்டியில் சேலையைவிட அவைதான் அதிகம். மாடு தானாக வந்து பால் சொரிந்த புற்று, மண்வெட்டி பட்டதும் ரத்தம் பீறிட்ட கல், கனவில் வந்து தண்ணீர் கேட்ட சிறு பெண். ஒவ்வொன்றையும் படித்து அழுதிருக்கிறேன். அச்சில் வந்தது பொய்யாக இருக்கும் என்று ஒரு நாளும் நினைத்ததில்லை.

இந்தப் புத்தகத்தைப் படித்து முடிக்க எனக்கு நான்கு மத்தியானங்கள் ஆயின. முதல் மத்தியானமே பிழைகள் தட்டுப்படத் தொடங்கிவிட்டன.

என் தையல் டப்பாவில் சிவப்பு ஸ்டிக்கர் சுருள் ஒன்று கிடக்கிறது. அம்புக்குறி ஸ்டிக்கர். பனியன் கம்பெனியில் செக்கிங் வேலை பார்த்தவர்களுக்கு அது தெரியும். துணியில் ஓட்டை இருந்தால், எண்ணெய்க் கறை பட்டிருந்தால், தையல் விட்டிருந்தால், அந்த இடத்தைக் காட்டுகிற மாதிரி ஓர் அம்பை ஒட்டி ஆல்டருக்கு அனுப்புவோம். டெய்லர் அதைச் சரிசெய்து திரும்பக் கொண்டுவர வேண்டும். சரியாகும் வரைக்கும் அந்தப் பீஸ் பெட்டிக்குள் போகாது. முப்பது வருடத்துக்கு மேல் அந்த மேசை முன்னால் நின்றிருக்கிறேன். நான் பார்த்து அனுப்பிய பீஸ் ஒன்றுகூடத் திரும்பி வந்ததில்லை. அதை இன்றைக்கும் யாரிடம் வேண்டுமானாலும் கேட்டுக்கொள்ளலாம்.

புத்தகத்திலும் அம்பு ஒட்டினேன். மூன்று இடம்.

பல நூறு ஆண்டுகளுக்கு முன்பு இந்த இடம் அடர்ந்த வனமாக இருந்தது, அங்கே அம்மன் சுயம்புவாகத் தோன்றினாள் என்ற வரிக்கு ஒன்று. இப்போதைய கமிட்டித் தலைவருடைய கொள்ளுப்பாட்டனார் ஏர் ஓட்டியபோது கொழு பட்டுக் கல்லிலிருந்து ரத்தம் வந்தது என்ற இடத்துக்கு இன்னொன்று. மூன்றாவது அம்பை நகத்தால் அழுத்தித் தேய்த்து ஒட்டினேன். 'அன்று முதல் இன்று வரை பூசையும் கோயில் திறவுகோலும் அக்குடும்பத்தார் வசமே இருந்து வருகின்றன' என்று போட்டிருந்தது.

திறவுகோல் யாரிடம் இருக்கிறது என்று எனக்குத் தெரியும். இரண்டு தெரு தள்ளி, லைன் வீட்டில், அம்மனுக்குத் தினமும் தண்ணீர் ஊற்றுகிற அக்காவின் இடுப்புச் சுருக்குப்பையில் இருக்கிறது. புத்தகத்தில் வெள்ளிக் கவசம் கொடுத்தவர் இருக்கிறார், மைக்செட் கொடுத்தவர் இருக்கிறார், சிமெண்டு மூட்டை இறக்கிப் போட்ட லாரிக்காரர்கூட இருக்கிறார். முதல் பக்கத்திலிருந்து கடைசிப் பக்கம் வரை தேடினேன். அக்கா இல்லை.

நடந்ததை நான் எழுதுகிறேன். எழுத்தில் பிழை இருந்தால் அச்சுக்காரர் திருத்திக்கொள்ளட்டும். விஷயத்தைத் திருத்த வேண்டாம்.

இப்போது கோயில் இருக்கிற இடத்தில் அன்றைக்கு ஒரு தகரக் கொட்டகை இருந்தது. வெள்ளைப் பனியன் போடுகிற சின்னக் கம்பெனி. தோட்டத்துக்காரர் ஒருவர் தன் நிலத்தின் ஓரத்தை அதற்கு வாடகைக்கு விட்டிருந்தார். அவருடைய மகன்தான் இன்றைய கமிட்டித் தலைவர். நானும் அக்காவும் அந்தக் கம்பெனியில் செக்கிங், மடிப்பு. அக்கா எனக்கு உடன்பிறந்தவள் இல்லை. புருசன் போன பிறகு, விருதுநகர்ப் பக்கத்திலிருந்து ஒரு மஞ்சப்பையோடு வேலை தேடி வந்தவள். என்னைவிட நாலைந்து வயது மூத்தவள் என்பதால் அக்கா.

மடித்த பனியன் அமுங்கி நிற்பதற்காக அடுக்கின் மேல் பலகை போட்டு, அதன் மேல் ஒரு கல்லைத் தூக்கி வைப்போம். கருங்கல். முழத்துக்குக் கொஞ்சம் குறைவான உயரம், மேலே கூம்பி இருக்கும். பிடித்துத் தூக்க முதுகுப் பக்கத்தில் ஓர் இரும்பு வளையம். ஆளுக்கொரு பக்கம் பிடித்தால்தான் அசையும். அதைத் தூக்கித் தூக்கி என் இடது தோள் அன்றைக்கே போய்விட்டது. மழை வருவதற்கு முந்தின நாள் இப்போதும் அது சொல்லிவிடும்.

ஓர் ஆயுத பூசை. மெஷின் எல்லாம் துடைத்து, சந்தனம் குங்குமம் வைத்து, வாழைக்கன்று கட்டியாகிவிட்டது. ஓவர்லாக் டெய்லருக்கு ஓவர்லாக் மெஷின், கட்டிங் மாஸ்டருக்குக் கத்திரி. நாங்கள் செக்கிங் பெண்கள் ஏழெட்டுப் பேர் சுவரோரமாக நின்றோம். எங்களுக்கு என்று ஒரு மெஷினும் கிடையாது.

மேஸ்திரி எங்களைப் பார்த்து, "உங்களுக்கென்ன ஆயுதம் இருக்குது? வாய்தான். பொரிய வாங்கிட்டு ஊட்டுக்குப் போங்க" என்றார். டெய்லர்கள் சிரித்தார்கள்.

அக்கா அதிகம் பேசுகிறவள் இல்லை. அன்றைக்கு நேராகப் போய் சந்தனக் கிண்ணத்தை எடுத்தாள். "எங்க ஆயுதத்த உங்க மேஸ்திரியால ஒத்தக் கையால தூக்க முடியுமான்னு கேளுங்க" என்று டெய்லர்களைப் பார்த்துச் சொன்னாள். கல்லுக்குத் தண்ணீர் விட்டுக் கழுவி, மூன்று விரலால் சந்தனம் இழுத்து, நடுவில் பெரிதாகப் பொட்டு வைத்தாள். ஒரு கதம்பத் துண்டையும் வைத்தாள். கற்பூரம் காட்டினோம். மேஸ்திரியும் வேறு வழியில்லாமல் தொட்டுக் கும்பிட்டார்.

தைப் பொங்கல் கழிந்து கம்பெனியைப் பெரிய கட்டிடத்துக்கு மாற்றினார்கள். அங்கே இரும்பு பிரஸ் வந்துவிட்டது. மெஷின் எல்லாம் வண்டியேறிப் போக, கல்லை மட்டும் வேப்பமரத்தடியில் உருட்டி விட்டுவிட்டார்கள். அக்கா வெள்ளிக்கிழமைதோறும் வேலைக்குப் போகும் வழியில் ஒரு குடம் தண்ணீர் ஊற்றிப் பொட்டை மட்டும் புதிதாக வைத்துவிட்டு வருவாள். ஒரு நாள் தோட்டத்துக்காரர் வந்து, "இந்தக் கல்ல எடுத்து அக்கட்டால போட்டுருங்க அம்மிணி. வண்டி திருப்ப எடைஞ்சலா இருக்குது" என்றார்.

"பொட்டு வச்ச கல்லுங்க. நான் எப்படி எடுத்துப் போடுறது? நீங்க வேணாப் போட்டுக்கங்க" என்றாள் அக்கா.

அவரும் போடவில்லை. பொட்டு வைத்த எதையும் எங்கள் பக்கம் யாரும் தூக்கி எறிய மாட்டார்கள். வண்டியைச் சுற்றி ஓட்டிக்கொண்டு போனார்.

அம்மன் அப்படித்தான் வந்தாள். ஷிப்டு முடிந்து போகிற பெண்கள் விளக்கு வைத்தார்கள். பிள்ளைக்குக் காய்ச்சல் என்று ஒருத்தி, புருசன் குடிக்கிறான் என்று ஒருத்தி. என் பெரியவனுக்கு மஞ்சள் காமாலை வந்து கண்ணெல்லாம் மஞ்சளாகிப் படுத்தபோது நான் அந்தக் கல்லின் முன்னால்தான் விழுந்து கிடந்தேன். அது பனியனை அமுக்கிய கல் என்று தெரிந்தேதான் விழுந்து கிடந்தேன். எத்தனை பெண்களுடைய கை பட்ட கல், எத்தனை பேருடைய பெருமூச்சைக் கேட்ட கல். அதற்கு மேல் ஒரு சாமிக்கு என்ன தகுதி வேண்டும் என்று எனக்குத் தெரியவில்லை.

பிறகு சுவர் எழுந்தது, ஆஸ்பெஸ்டாஸ் வந்தது. பித்தளை விளக்கை யாரோ தூக்கிக்கொண்டு போனதும் கம்பிக் கதவும் பூட்டும் வந்தன. சாவி யாரிடம் இருப்பது என்று ஒரு பேச்சும் எழவில்லை. தினமும் விடியற்காலையில் வந்து கழுவி விடுகிறவளிடம் கொடுத்தார்கள். அவ்வளவுதான்.

புத்தகத்தைப் படித்து முடித்த மறுநாள் காலை அக்காவின் வீட்டுக்குப் போனேன். புளி போட்டுப் பூசைத் தட்டைத் துலக்கிக்கொண்டிருந்தாள். நான் வாயைத் திறப்பதற்குள் அவளே சொன்னாள்.

"தலைவரு ஆள் விட்டிருந்தாருத்தா. முகூர்த்தக்கால் நடுற அன்னைக்குச் சாவியக் குடுத்துரணுமாம். புத்தகத்துல அப்படித்தான் இருக்காம்."

"நீங்க என்ன சொன்னீங்க?"

"சரின்னுட்டேன்."

"எதுக்குங்க சரின்னீங்க?"

"பின்ன? நான் இங்க பொறந்தவளா? ரேசன் கார்டுல இந்த ஊருன்னு போட்டுட்டாய்ங்க. சாமி கார்டுல போடல போலருக்கு." சொல்லிவிட்டு அவளே சிரித்தாள்.

எனக்குச் சிரிப்பு வரவில்லை. "இத்தன வருசம் தண்ணி ஊத்துனவிய நீங்க. நாளைக்கு அவிய தொறந்து விட்டாத்தான் உள்ள போவீங்களா? வெளிய நின்னு, ஏனுங்க சாமி பாத்துக்கலாமுங்களான்னு கேப்பீங்களா?"

அக்கா தட்டைக் கவிழ்த்து வைத்தாள். "அத நெனச்சாத்தான் மேலுக்கு முடியல" என்றாள். அவ்வளவுதான் சொன்னாள். தட்டை மறுபடியும் எடுத்துத் துலக்கிய தட்டையே துலக்கினாள்.

அங்கிருந்து நேராகப் புத்தகம் எழுதிய வாத்தியார் வீட்டுக்குப் போனேன். பள்ளிக்கூடத்தில் இருந்து ஓய்வு பெற்றவர். சுற்றுப்பட்டுக் கோயில்களுக்கெல்லாம் தல வரலாறு எழுதிக் கொடுக்கிறவர். இதை எழுதுவதற்கு முன் என் வீட்டுக்கும் வந்திருந்தார். மேலே நான் எழுதியிருக்கிற அத்தனையையும் ஒன்று விடாமல் அவரிடம் சொல்லியிருந்தேன். தலையை ஆட்டி ஆட்டி நோட்டில் எழுதிக்கொண்டார். என்னை அதற்கு முன் யாரும் உட்கார வைத்துக் கேட்டு எழுதியதில்லை.

"வாங்கம்மா, உக்காருங்க. புஸ்தகம் எப்படி வந்திருக்குதுங்க?" என்றார்.

"ஆல்டருக்கு வந்திருக்குதுங்க வாத்தியாரே" என்று மேசையில் வைத்தேன்.

பிரித்து அம்புகளைப் பார்த்தார். பனியன் ஊர்க்காரர்தானே, உடனே புரிந்துகொண்டு சிரித்தார்.

"சிரிக்கறதுக்கு ஒட்டலீங்க. நான் சொன்னது ஒண்ணுகூட இதுல இல்லீங்களே. மோரு மட்டும் ரெண்டு சொம்பு குடிச்சீங்க."

"கோவிச்சுக்காதீங்கம்மா. தல வரலாறுன்னா அதுக்குன்னு ஒரு முறை இருக்குதுங்க. பனியன் அமுக்குன கல்லுன்னு எழுதுனா எவனுங்க வெளியூர்ல இருந்து வந்து கும்புடுவான்?"

"உள்ளூர்க்காரிக நாங்க இத்தன வருசமாக் கும்புட்டமே, அது பத்தாதுங்களா? அப்பறம் அந்த ரத்தம். அத எந்தக் கடையில வாங்குனீங்க?"

அவர் சிரிப்பை நிறுத்தினார். எழுந்து போய் அலமாரியிலிருந்து ஒரு ஃபைலை எடுத்து வந்தார். ஏதோ ஆபீஸ் முத்திரை போட்ட பழைய காகிதம் ஒன்றின் ஜெராக்ஸை என் முன்னால் வைத்தார்.

"அத நான் வாங்கலீங்க. நீங்க குடுத்ததுதானுங்க" என்றார்.

எழுத்துக் கூட்டிப் படித்தேன். பாதி படிக்கும்போதே தெரிந்துவிட்டது. அடியில் என் கையெழுத்து.

கோயிலுக்குக் கம்பிக் கதவு போட்ட பிறகு, ரோடு அகலம் செய்ய ஆட்கள் வந்த காலம் அது. வேப்பமரத்தில் சிவப்புப் பெயிண்டில் ஒரு பெருக்கல் குறி போட்டுவிட்டார்கள். மறுநாள் ஓர் ஆபீசர் வந்தார். "இது எப்பக் கட்டுன கோயிலும்மா? நேத்து முளைச்சதுன்னா எடுத்துருவோம். பழசுன்னா சொல்லுங்க, எழுதிக்கறேன்" என்றார். கோயிலைச் சுற்றிப் பெண்கள்தான் நின்றோம். அக்கா இடுப்பில் குடத்தோடு அழுதுகொண்டிருந்தாள்.

அந்த வாரம்தான் ஏதோ ஒரு கோயில் புத்தகம் படித்து முடித்திருந்தேன். வாயைத் திறந்தேன், அது வந்துவிட்டது. "ராசா காலத்துச் சாமிங்க இது. அப்ப இங்க பூரா வனமுங்க. இந்தத் தோட்டத்துக்காரருக்குப் பாட்டன் ஏரு ஓட்டறப்ப கொழு பட்டுக் கல்லுல ரத்தம் வந்துச்சுங்க. அன்னீல இருந்து அவிய ஊட்டு ஆளுகதான் பூசை பண்றாங்க, சாவியும் அவியகிட்டத்தான்" என்றேன். பனியன் கம்பெனிப் பெண்கள் வைத்த சாமி என்றால் ஆபீசர் மதிக்க மாட்டார், தோட்டத்துக்காரர் வீட்டுச் சாமி என்றால் யோசிப்பார். அந்த நேரத்தில் அவ்வளவுதான் எனக்குத் தோன்றியது.

ஆபீசர் எழுதி முடித்து, மை டப்பாவைத் திறந்து நீட்டினார். நிற்கிற பெண்கள் எல்லாரும் கைநாட்டு என்று நினைத்துவிட்டார். "எனக்குக் கையெழுத்துப் போடத் தெரியுமுங்க" என்று பேனாவைக் கேட்டு வாங்கினேன். முழுப் பேரையும் போட்டேன், அப்பன் பேரின் முதல் எழுத்தோடு. ரோடு அந்த இடத்தில் கொஞ்சம் வளைந்து போனது. இன்றைக்கும் வளைந்துதான் போகிறது. அன்று எல்லாரும் என் கையைப் பிடித்துக்கொண்டார்கள். நெடுநாள் அந்தப் பெருமையில் இருந்தேன். பிறகு மறந்தே போனேன்.

மூன்று அம்பையும் திரும்பப் பார்த்தேன். வனம் என்னுடையது. ரத்தம் என்னுடையது. சாவியும் என்னுடையது. நான் தைத்த பீஸுக்கு நானே அம்பு ஒட்டியிருக்கிறேன்.

வாத்தியார் என்னைப் பார்த்துக்கொண்டிருந்தார். எனக்குக் கோபம் குறையவில்லை, கூடியது.

"உங்களுக்கு ரெண்டும் தெரியும். ஒண்ணு நான் நேர்ல உக்காந்து சொன்னது. இன்னொண்ணு காயிதத்துல இருந்தது. எது நெசம்னு உங்களுக்குத் தெரியாதுங்களா?"

"தெரியுமுங்க" என்றார். "ஆனாக் காயிதத்துல கையெழுத்து இருந்துச்சுங்களே."

அவர் பொய் சொல்லவில்லை. அதுதான் எனக்குத் தாங்கவில்லை. அவருக்கும் தோதாக இருந்தது, தலைவருக்கும் தோதாக இருந்தது, என் பொய்யை எடுத்துக்கொண்டு என் உண்மையை மோரோடு குடித்துவிட்டார்கள். கிளம்பும்போது ஸ்டிக்கர் சுருளை எடுத்து, ஜெராக்ஸில் என் கையெழுத்துக்குப் பக்கத்தில் நாலாவது அம்பை ஒட்டினேன். "இதையும் சேத்து வெச்சுக்குங்க" என்றேன்.

வீட்டுக்கு வந்து தகரப் பெட்டியைத் திறந்தேன். இத்தனை வருடம் வாங்கிச் சேர்த்த புத்தகங்கள். ஒவ்வொன்றாக எடுத்துப் பார்த்தேன். மாடு பால் சொரிந்த புற்று. அந்தப் புற்றை முதலில் கண்டு மஞ்சள் தூவியது யார்? கனவு கண்ட பெரிய மனிதருக்கு முன்னால் அங்கே தினமும் கூட்டி விட்டுக்கொண்டிருந்தது யார்? பனியனில் தொங்குகிற நூலைப் பிசிறு என்போம். கத்திரியால் கத்தரித்துக் கீழே விட்டால் பீஸ் பார்க்க அழகாக இருக்கும். மேசைக்கு அடியில் குப்பையாகக் கிடக்கும். எத்தனை புத்தகத்தில் எத்தனை பேரைப் பிசிறு வெட்டி விட்டிருப்பார்கள் என்று நினைத்தேன். அவர்களுக்காகத்தான் நான் அழவே இல்லை. பெட்டியை மூடினேன். சாமிகள் மேல் எனக்குக் கோபம் இல்லை. அது எழுதினவர்கள் மேல். அவர்களில் நானும் ஒருத்தி என்பதால் என் மேலும்.

மறுநாள் அக்காவிடம் சொன்னேன். அவள் ஆச்சரியப்படவில்லை.

"நான்தான் பக்கத்துலயே நின்னேன்ல. குடத்தோட."

"தெரிஞ்சுமா பேசாம இருந்தீங்க?"

"பேசி? கல்லு நின்னுச்சுல்ல. அது போதும்."

"எனக்குப் போதாதுங்க. ஞாயித்துக்கிழமக் கூட்டத்துல எந்திரிச்சுச் சொல்லப் போறேன்."

அக்கா என் கையைப் பிடித்தாள். "வேணாம்த்தா. சாமி பேரச் சொல்லிப் பொய் சொன்னவன்னு ஊரே பேசும். இந்த வயசுல உனக்கு எதுக்கு?"

அது எனக்கும் உறைக்காமல் இல்லை. ஒரு பீஸ்கூடத் திரும்பி வராதவள் என்று வாழ்நாளெல்லாம் நிமிர்ந்து நடந்தவள் நான். ஆனால் அக்கா வாசலில் நின்று சாமி பார்க்க அனுமதி கேட்கிறதை நான் ஒரு நாள் பார்க்க வேண்டியிருந்தால், அதற்குப் பிறகு நிமிர்ந்து நடந்து என்ன ஆகப் போகிறது.

ஞாயிற்றுக்கிழமை காலை கோயில் முன்னால் வேப்பமர நிழலில் கூட்டம். ஆண்கள் நாற்காலியில், நாங்கள் பாயில். தலைவர் யாகசாலை, அன்னதானம் எல்லாம் பேசி முடித்து, "வேற யாருக்காச்சும் எதாச்சும் சொல்றதுக்கு இருக்குதுங்களா?" என்று கேட்டார். வழக்கமாக யாரும் சொல்ல மாட்டார்கள். நான் எழுந்தேன்.

"சொல்லுங்கம்மா" என்றார்.

சொன்னேன். ஆயுத பூசையைச் சொன்னேன், கல்லைச் சொன்னேன், அக்கா பொட்டு வைத்ததைச் சொன்னேன். கடைசியாக ஆபீசரிடம் நான் சொன்னதைச் சொன்னேன். "அது பொய்யுங்க. நான் சொன்ன பொய். அம்மனுக்கு முன்னால நின்னு சொன்னேன். இப்பவும் அம்மனுக்கு முன்னால நின்னுதான் சொல்றேன்" என்றேன். யாரோ ஒருவர் நாற்காலியில் சிரித்தார்.

தலைவர் பொறுமையாகத்தான் பேசினார். "அம்மாவுக்கு வயசாயிருச்சுங்க. எதையோ எங்கியோ மாத்திச் சொல்றாங்க."

"வயசானது எனக்குத்தான் தம்பி, கல்லுக்கில்ல. கவசத்தக் கழட்டி முதுகுப் பக்கம் பாருங்க. இரும்பு வளையத்த அறுத்து எடுத்த தடம் இருக்கும்."

யாரும் எழவில்லை. பார்க்க வேண்டாம் என்று நினைத்தார்களா, பார்த்தால் இருந்துவிடும் என்று நினைத்தார்களா, தெரியவில்லை.

"அப்படியே இருந்தாலும், புஸ்தகம் ஊரு பூராக் குடுத்தாச்சுங்கம்மா. கும்பாபிசேகம் முடியட்டும், பேசிக்கலாம். சாவிய மட்டும் இப்பக் குடுத்துரச் சொல்லுங்க" என்றார்.

"உங்கய்யன் இந்தக் கல்ல அக்கட்டால போடச் சொன்னாரு தம்பி. வண்டி திருப்ப எடைஞ்சலா இருக்குதுன்னு. அக்கா மாட்டேன்னாங்க. அதனாலதான் நீங்க இன்னிக்கு இங்க தலைவரா உக்காந்திருக்கறீங்க."

அவர் திரும்பி ரோட்டுப் பக்கம் பார்த்தார். அந்த வண்டி அவருக்கு ஞாபகம் வந்திருக்க வேண்டும். சின்னப் பையனாக அதன் பின்னால் தொங்கிக்கொண்டு போனவர்தானே.

பின்னால் பாயிலிருந்து ஒரு குரல். எங்களோடு மடிப்பில் இருந்தவள், காது சரியாகக் கேட்காது அவளுக்கு. "அந்தக் கல்லப் பத்தியா பேசறீங்க? நானும் தூக்கியிருக்கறனுங்க. என்ற கால் பெருவிரல்ல ஒரு நாள் போட்டுட்டேன். நகம் இன்னிக்கு வரைக்கும் மொளைக்கல" என்று சத்தமாகச் சொன்னாள். காலை நீட்டியும் காட்டினாள். அந்தப் பக்கம் இருந்த பெண்கள் சிரித்துவிட்டார்கள். "எங்கம்மாவும் சொல்லுமுங்க" என்றாள் இன்னொருத்தி. பிறகு யார் பேசுகிறார்கள் என்று தெரியாத அளவுக்குப் பேச்சு எழுந்தது.

அக்கா மெதுவாக எழுந்து சுருக்குப்பையை அவிழ்த்தாள். எனக்கு ஆத்திரமாக வந்தது. இவ்வளவுக்குப் பிறகும் கொண்டுபோய்க் கொடுக்கப் போகிறாள் என்று நினைத்தேன். தலைவரும் கையை நீட்டினார். அக்கா அவரைத் தாண்டி வந்து சாவியை என் உள்ளங்கையில் வைத்து விரலை மடக்கிவிட்டாள்.

"பொய்யும் நீதான் சொன்ன, நெசமும் நீதான் சொன்ன. நீயே வச்சுக்க. நான் தண்ணி ஊத்த வரும்போது தொறந்து விடு" என்றாள். தலைவரைத் திரும்பிப் பார்த்து, "எனக்கு இடுப்பு வலிங்க. இனிமே சாவி சொமக்க முடியாது" என்றாள்.

அவர் நீட்டிய கையை என்ன செய்வது என்று தெரியாமல் துண்டைச் சரிசெய்துகொண்டார்.

அன்றிலிருந்து சாவி என் அரிசி டப்பாவில் இருக்கிறது. விடிந்ததும் போய்த் திறந்து விடுகிறேன். அக்கா குடத்தோடு உள்ளே போகிறாள். நான் படியில் உட்கார்ந்திருக்கிறேன். பொய் சொன்னவள் என்று ஒன்றிரண்டு பேர் பேசிக்கொண்டு போவது காதில் விழுகிறது. விழட்டும், அது உண்மைதானே.

போன வாரம் வாத்தியார் வந்தார். முகூர்த்தக்கால் நட்டாகிவிட்டது, கதவைத் திறந்து விட்டாலும் சாவியை நான் தரவில்லை என்பதால் தலைவர் அனுப்பியிருக்கிறார் போலிருக்கிறது. மோர் கொடுத்தேன். ஒரு சொம்புதான். புத்தகத்தில் ஒட்டுவதற்கு ஒரு துண்டுத் தாள் அச்சடிக்கப் போவதாகச் சொல்லி, எழுதிக் கொண்டுவந்ததை நீட்டினார். 'இக்கல் முற்காலத்தில் பனியன் தொழிலாளர்களால் பயன்படுத்தப்பட்டது எனச் சிலர் கூறுவதும் உண்டு' என்று இருந்தது. விரல் வைத்து இரண்டு தடவை படித்தேன்.

"இந்தச் சிலர் யாருங்க?"

"நீங்களும் அந்தம்மாவும்தானுங்க."

"எங்களுக்குப் பேரு இல்லீங்களா?"

அவர் மோரைக் குடித்தார்.

இங்கே நான் யார் பேரையும் எழுதவில்லை. அக்காவின் பேர் வர வேண்டிய இடம் இது இல்லை, அந்தப் புத்தகம். ஸ்டிக்கர் சுருளில் இன்னும் நிறைய மிச்சம் இருக்கிறது. 'சிலர்' என்ற இடத்தில் ஒன்றை ஒட்டி, தாளை மடித்து அவர் பையிலேயே வைத்தேன்.

"சரி பண்ணிக் கொண்டாங்க வாத்தியாரே. அதுவரைக்கும் சாவி இங்கதான் இருக்கும்" என்றேன்.

கும்பாபிஷேகத்துக்கு இன்னும் நாள் இருக்கிறது. பூட்டை உடைக்கலாம், ஆள் பலம் அவர்களுக்கு இருக்கிறது. உடைத்தால் அதையும் தல வரலாற்றில் எழுதட்டும்.